அக்கா பிசைந்த வெயில்

எங்கள் வீட்டில் ஃப்ரிட்ஜின் மேல், ஸ்டெபிலைசருக்குப் பக்கத்தில், ஒரு பித்தளைக் கிண்ணம் இருக்கும். அதற்குள் எலுமிச்சம்பழ அளவில் ஒரு வெயில்மாவு உருண்டை. இதைப் போய் இப்படியா வைப்பது என்று ஆண்டாப் ஹில்லிலிருந்து வரும்போதெல்லாம் என் நாத்தனார் முகம் சுளிப்பாள். தாராவியில் பத்துக்குப் பத்து அறையில் வேறு எங்கே வைக்கச் சொல்கிறாள் என்று தெரியவில்லை. சாமி படத்தட்டில் வைத்தால் எலி உருட்டுகிறது, கட்டிலுக்கு அடியில் வைத்தால் மழைத்தண்ணீர் வருகிறது. ஃப்ரிட்ஜ் மேல்தான் அதற்குச் சரியான இடம்.

வெயில்மாவு எரிவதைப் பார்த்திருப்பார்களே தவிர, அது எப்படி உண்டாகிறது என்று பலருக்குத் தெரியாது. வடாலாப் பக்கத்து உப்பளங்களில், கோடையில், உப்பு படிவதற்கு முன்னால் தண்ணீரின் மேல் பாலாடை மாதிரி வெயில் படியும். பொழுது சாய்வதற்குள் அதை வழித்து எடுத்துவிட வேண்டும். வழித்தது வெறும் ஊமை மாவு. சூடும் இருக்காது, வெளிச்சமும் இருக்காது. மனுஷக் கை பட்டுப் பிசைந்தால்தான் உயிர் பிடிக்கும். யார் பிசைகிறார்களோ அவர்களுடைய கைநிறத்தில் எரியும். ஹிந்திக்காரர்கள் இதை ரோஷ்னி ஆட்டா, வெளிச்சக் கோதுமை மாவு, என்பார்கள். சப்பாத்தி மாவைத் தவிர வேறு மாவே அவர்களுக்குத் தெரியாது.

நான் இருபது வயதில் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து கல்யாணமாகி வந்தவள். வந்த வருஷத்திலிருந்தே மாட்டுங்கா லேபர் கேம்பில் இருக்கும் பிசையும் கூடத்தில் வேலை. அங்கே இரண்டு விதமான மாவு உண்டு. லிப்ட், சிக்னல், தையல் மிஷின் என்று இயந்திரத்துக்குப் போகிற மாவை ஒருத்தி தனியாகப் பிசையக் கூடாது. நாலைந்து கை கலக்க வேண்டும். ஏனென்றால் ஒற்றைக் கையால் பிசைந்த மாவு பிசைந்தவளை மறக்காது. அவள் கிட்டத்தில் வந்தால் பளிச்சென்று எரியும், எட்டப் போனால் மங்கும். அதைக் கொண்டுபோய் லிப்டில் வைத்தால், அவள் கீழே தெருவில் கத்தரிக்காய் வாங்கிக்கொண்டு போகும்போது லிப்ட் ஏழாவது மாடியிலிருந்து ஆட்களோடு தானாக இறங்கி வந்து நிற்கும். செம்பூரில் ஒரு கட்டிடத்தில் அப்படி நடந்தது என்று சொல்லிச் சொல்லி எங்கள் கூடத்துப் பெண்கள் வயிறு வலிக்கச் சிரிப்பார்கள்.

ஒற்றைக் கை மாவு வீட்டுக்கும் விசேஷத்துக்கும் மட்டும்தான். கோயிலுக்கு நேர்ந்துகொள்கிறவர்கள் பிசைவார்கள். கல்யாணத்தில் பெண்ணும் மாப்பிள்ளையும் சேர்ந்து பிசைவார்கள். எங்கள் பக்கத்து வழக்கப்படி, வீட்டில் ஒரு பெண் பெரியவளானால் அன்றிலிருந்து வீட்டு மாவு அவள் கையால் பிசைந்ததாக இருக்க வேண்டும். அவள் கல்யாணமாகிப் போகிறவரை அதுதான் அந்த வீட்டின் வெளிச்சம்.

எனக்கு ஒரே மகள். அவளுக்குச் சடங்கு வைத்த அன்று அவள் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தாள்.

“எம்மா, இந்த நாடகம்லாம் எதுக்கு? ஸ்கூல்ல தெரிஞ்சா எல்லாரும் ஹஸேங்கே” என்றாள். பாதித் தமிழ், பாதி ஹிந்தி, முழு எரிச்சல்.

“அவளுவ சிரிச்சா சிரிக்கட்டும், நீ பிசைளா” என்றேன். வேண்டாவெறுப்பாகப் பிசைந்துவிட்டு, கையை என் புதுச் சேலையில் துடைத்தாள். உருண்டை வெட்டின செங்கொய்யாவின் உள்நிறத்தில் எரிந்தது. கூடத்தில் எத்தனையோ கைகளைப் பார்த்தவள் நான், அந்த நிறத்தை அதற்கு முன்னால் பார்த்ததில்லை. அவளுமே வாயைத் திறந்தபடி பார்த்துக்கொண்டு நின்றாள்.

பிறகு அவள் டிப்ளமா படித்தாள். செம்பூரில் ஒரு லிப்ட் கம்பெனியில் சர்வீஸ் வேலைக்குப் போனாள். சாயங்காலம் செம்பூரிலிருந்து பஸ் பிடித்து சயானில் இறங்குவாள். அவள் சயானில் காலை வைத்ததும் எங்கள் வீட்டு உருண்டை லேசாக அசைந்து கொடுக்கும். தெருக்குழாய் தாண்டினால் கிண்ணத்தின் விளிம்பு தெரியும். முடுக்குக்குள் திரும்பினால் சுவர் முழுக்கக் கொய்யா நிறம். அடுப்பைப் பற்றவைக்க நான் கடிகாரம் பார்த்ததே கிடையாது. அவள் வாசலில் செருப்பைக் கழற்றும்போது டீ கொதித்து இறங்கியிருக்கும். ஒரு நாளாவது நன்றாக இருக்கிறது என்று சொன்னாளா? சீனி ஜாஸ்தி என்பாள். மறுநாள் குறைத்துப் போட்டால் டீயா கஷாயமா என்பாள். அந்த வாய் என்னிடமிருந்து போனதுதான்.

பக்கத்து வீட்டு அக்காவைப் பற்றி இங்கே சொல்ல வேண்டும். எங்கள் இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரே சுவர். அவர்கள் வட ஆற்காட்டுக்காரர்கள். வீட்டுக்காரர் தோல் கிடங்கில் வேலை பார்த்து, ஊருக்குப் போன இடத்தில் போய்ச் சேர்ந்துவிட்டார், மகன் வாஷியில் ஃப்ளாட் வாங்கிப் போய்விட்டான். அக்கா மட்டும் இங்கேயே கிடந்தாள். அவளும் எங்கள் கூடத்தில்தான் பிசைந்தாள், என் பக்கத்துப் பலகை. நான் வேலைக்குப் போன நாட்களில் என் மகளைக் குளிப்பாட்டி, தலை சீவி, பள்ளிக்கூடத்துக்கு இழுத்துக்கொண்டு ஓடியது அவள்தான். என் மகள் முதலில் பேசின வார்த்தையே “இன்னா” என்பதுதான். என் வீட்டுக்காரர் அதைச் சொல்லி என்னைக் கேலி செய்யாத நாள் இல்லை.

மழைக்காலத்தில் மகளுக்குக் காய்ச்சல் வந்தது. தாராவியில் மழைக்காலத்தில் யாருக்குத்தான் வரவில்லை? மாத்திரை போட்டுக்கொண்டு இரண்டு நாள் வேலைக்குக்கூடப் போனாள். பிறகு ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். நான் கூடவே இருந்தேன். என் வீட்டுக்காரர் மாற்றுத்துணி எடுக்க வீட்டுக்கு வந்தபோது, அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே உருண்டை கங்காகிப் போயிற்று. நான் போன் பண்ணியபோது அவர் ஹலோ சொல்லவில்லை. “தெரியும்ட்டி” என்றார். அவ்வளவுதான் சொன்னார்.

எங்கள் பக்கத்தில், பிசைந்தவர் இறந்துவிட்டால் உருண்டை உடனே அணைவதில்லை. சாம்பலுக்குள் கங்கு கிடப்பதுபோல் கிடக்கும். அதில் யாரும் கை வைக்கக் கூடாது. பதினாறாம் நாள், அவர்கள் வழக்கமாக வீடு திரும்புகிற வேளையில், ஒரே ஒரு தடவை அது எரியும். தெருவில் வருவதுபோல் கொஞ்சம், முடுக்கில் வருவதுபோல் இன்னும் கொஞ்சம், வாசலுக்கு வந்துவிட்டால் முழுசாக. பிறகு மெல்லக் குறைந்து அணைந்துபோகும். கடைசி வரவு என்று சொல்வோம். அவர்களுக்குப் பிடித்ததை எடுத்து வைத்துக்கொண்டு எல்லோரும் காத்திருப்போம்.

அந்த நாட்களில் நான் சாப்பிட்டேனா, குளித்தேனா என்று எனக்கு நினைவில்லை. ஆனால் ஒன்று மட்டும் தெரியும், நான் உயிரோடு இருந்தது அந்தக் கடைசி வரவுக்காக. ஆஸ்பத்திரியில் கடைசி இரண்டு நாள் அவளுக்கு நினைவே இல்லை. என்னைப் பார்க்காமலே போய்விட்டாள். ஒரு தடவை வாசல்வரைக்கும் வருவாள், சீனி குறைத்து ஒரு டீ போட்டு வைக்க வேண்டும். அவ்வளவுதான் என் பிடி.

காரியத்துக்கு இன்னும் ஒரு வாரம் இருந்தது. தூங்காமல் கிடந்த என்னை அக்கா மிரட்டி, ஒரு தட்டு ரசஞ்சோறு ஊட்டி, மடியில் போட்டுத் தட்டிக்கொடுத்துத் தூங்கவைத்தாள். எவ்வளவு நேரம் தூங்கினேனோ. கண்ணைத் திறந்தபோது வீடு நிறைய வெளிச்சம். வந்துவிட்டாள் என்று துள்ளி எழுந்தேன். ஐயோ, டீ போடவில்லையே என்றுதான் முதலில் நினைத்தேன்.

பிறகுதான் நிறம் கண்ணில் பட்டது. சாமந்தி மஞ்சள். எங்கள் கூடத்தில் என் பக்கத்துப் பலகையில் எத்தனையோ வருஷமாகப் பார்த்த மஞ்சள்.

அக்கா பாத்திரமெல்லாம் கழுவிக் கவிழ்த்திருந்தாள். தரையைத் துடைத்திருந்தாள். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டே என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். அவள் கண்ணும் வீங்கியிருந்தது.

“தோ பாரும்மா, சாவு வூட்ல வெளிச்சம் மங்கிக் கெடக்கக் கூடாது. கொயந்த போவாம திரும்பித் திரும்பிப் பாத்துக்கினே நிக்கும். கிட்டக்க இருந்தவங்க யாராச்சும் புதுசா பிசைஞ்சு அனுப்பி வெக்கணும். உனுக்கு மனசு வராதுன்னு நானே பண்ணிட்டேன். பிசையறதுக்குள்ள என் கை வெளங்காம பூட்ச்சு” என்றாள்.

அவர்கள் பக்கத்தில் அப்படி. எங்கள் பக்கத்தில் இப்படி. ஒரே சுவரில் சாய்ந்து இத்தனை வருஷம் இருந்தும் இது எங்கள் இரண்டு பேருக்கும் தெரியாது. எப்படித் தெரியும்? எங்கள் ஆட்கள் பம்பாயில் பிழைப்பார்கள், சாவதற்கு ஊருக்குப் போய்விடுவார்கள். எங்கள் வீட்டில் இங்கே விழுந்த முதல் சாவு என் மகளுடையது.

நான் வாய்க்காரி. தண்ணீர் லைனில் குடத்தை நகர்த்தினவளை மூன்று தலைமுறைக்குத் திட்டுகிறவள். அன்று அவள் கழுவிக் கவிழ்த்த பாத்திரங்களை எண்ணிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அக்கா என் தலையைத் தடவிக்கொண்டே இருந்தாள். அந்தக் கையைப் பார்த்தேன். என் மகளுடைய கையின் சூட்டை அழித்த கை அது. அவளுக்கு ஆயிரம் தடவை தலை பின்னிய கையும் அதுதான். என் வீட்டுக்காரர் வேலையிலிருந்து வந்து, வாசலில் நின்று கிண்ணத்தைப் பார்த்தார். ஷூவின் கயிற்றை அவிழ்க்க அவருக்கு வெகுநேரம் ஆயிற்று.

பதினாறாம் நாளை நிறுத்த முடியவில்லை. நிறுத்தினால் ஏன் என்று கேட்பார்கள். சொன்னால் என் நாத்தனாரும் மற்றவர்களும் அக்காவைக் கிழித்துப்போடுவார்கள். எனக்கு அவள்மேல் ஆத்திரம் மலையளவு இருந்தது. ஆனாலும் அவளை அவர்கள் வாயில் போட எனக்கு மனம் ஒப்பவில்லை. “வாரவுக வந்து சாப்பிட்டுப் போகட்டும், விடு” என்றார் என் வீட்டுக்காரர்.

அன்று மத்தியானம் அக்கா, காரியத்துக்குப் பூ தன் செலவு என்று பிடிவாதம் பிடித்து மாட்டுங்கா மார்க்கெட்டுக்குப் போனாள். அவள் போகப் போக உருண்டை மங்கியது. வந்த சொந்தக்காரர்கள் அதைக் கங்கு என்றே நினைத்துக்கொண்டார்கள். என் மகளுடைய நிறம் அவர்களுக்கு எங்கே தெரியப்போகிறது, விசேஷத்துக்கு விசேஷம் வந்துபோகிறவர்கள், நாத்தனாரும் உருண்டை மங்கிக் கிடக்கிற பகலில் வருகிறவள்தான். பொழுது சாய்ந்தது. நாத்தனார் டீயைக் கொண்டுவந்து கிண்ணத்துக்கு முன்னால் வைத்தாள். அதில் அவள் கைநிறையச் சீனி போட்டிருப்பாள் என்று எனக்குத் தெரியும்.

உருண்டை அசைந்தது. கிண்ணத்தின் விளிம்பு தெரிந்தது. எல்லோரும் எழுந்து நின்றார்கள். சுவரில் மஞ்சள் ஏறியது. தெருக்குழாய் தாண்டிவிட்டாள், முடுக்குக்குள் திரும்பிவிட்டாள் என்று எனக்கு உள்ளே கணக்கு ஓடிக்கொண்டிருந்தது.

“வந்துட்டா! எய்யா, நம்ம பிள்ள வந்துட்டா!” என்று நாத்தனார் கதறினாள். கையெடுத்துக் கும்பிட்டாள். ஆம்பிளைகள் எல்லாம் தேம்பினார்கள். என் வீட்டுக்காரர் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

வாசலில், கையில் மல்லிகைப் பந்தோடு, அக்கா நின்றாள்.

கும்பிட்டுக்கொண்டு நிற்கிற கூட்டத்தைப் பார்த்தாள். அவர்களுக்கு முன்னால் முழுசாக எரிகிற தன்னுடைய மஞ்சளைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். வெயில்மாவைப் பற்றி அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஒரு அடி பின்னால் வைத்தாள். வெளிச்சம் ஒரு நூல் குறைந்தது. அவள் முகம் மாறியதை நான் பார்த்தேன். இந்த ஜென்மத்தில் அந்த முகத்தை மறக்க மாட்டேன்.

பூப்பந்தை நிலைப்படியில் வைத்தாள். சத்தமில்லாமல் திரும்பி நடந்தாள்.

கடைசி வரவு எப்படிக் குறைய வேண்டுமோ அப்படியே வெளிச்சம் குறைந்தது. “போறா, போறா, நல்லபடியா போறா” என்று நாத்தனார் சொல்லிக்கொண்டே இருந்தாள். எனக்குத் தெரியும், ஒவ்வொரு மங்கலும் அந்தப் பொம்பிளையின் கால் எடுத்து வைக்கிற எட்டு. குழாய் தாண்டினாள். ரோட்டுக்குப் போனாள். அதோடு நின்றால் போதாது என்று அந்தக் கும்பிட்ட கைகளைப் பார்த்தே அவளுக்குப் புரிந்திருக்கும். எங்கள் ஆட்கள் அணைகிறவரை நகர மாட்டார்கள். சயானில் ரயில் ஏறினாள், குர்லாவில் வண்டி மாறியிருப்பாள். வாஷிப் பாலம் தாண்டியபோது உருண்டையில் ஊசிமுனை அளவுதான் இருந்தது. அது அணைந்ததாகவே எல்லோரும் எடுத்துக்கொண்டு இலை போட்டுச் சாப்பிட்டார்கள்.

அக்கா திரும்பி வரவில்லை. நான் கூடத்தில் இருந்த ஒரு நாள் அவள் மகன் டெம்போ கொண்டுவந்து சாமான்களை ஏற்றிப் போனதாகச் சொன்னார்கள். அவள் அறைக்கு உத்தரப் பிரதேசத்திலிருந்து ஒரு குடும்பம் வந்தது. அவர்கள் டிவி சத்தம் சுவரைத் தாண்டி வரும்.

நான் செம்பூருக்குப் போனேன். என் மகள் கடைசியாகச் சர்வீஸ் பார்த்த கட்டிடம் எது என்று அவளோடு வேலை பார்த்த பெண்ணிடம் கேட்டுக்கொண்டேன். சர்வீஸ் பார்க்கிறவர்களும் மாவில் ஒரு கை பிசைந்து வைப்பார்கள், அந்த லிப்டின் மாவில் அவள் கையும் கலந்திருந்தது. ஏறி நின்றேன். மேலே போனேன், கீழே வந்தேன், மறுபடி மேலே போனேன். அவளுடைய பங்கு அதில் எங்கேயாவது ஒரு மூலையில் என்னைத் தெரிந்துகொள்ளாதா என்று இருந்தது. வாட்ச்மேன் கதவைப் பிடித்துக்கொண்டு, “கிஸ்கே கர் ஜானா ஹை, மௌசி?” என்று கேட்டான். யார் வீட்டுக்கு என்று நான் சொல்வேன்? நான் லிப்டின் வெளிச்சத்தையே பார்ப்பதைப் பார்த்துவிட்டு, மாவைப் போன மாசமே புதுசாக மாற்றிவிட்டார்கள் என்று அவனே சொன்னான்.

வீட்டு உருண்டையை யாரும் புதுசாகப் பிசையவில்லை. நீ பிசையேன் என்று என் வீட்டுக்காரர் இரண்டொரு தடவை சொல்லிப் பார்த்தார். நாள் முழுக்கப் பிசைகிறவளுக்கு வீட்டிலும் பிசைய அலுப்பாக இருக்கிறது என்றேன். அந்த ஊசிமுனை மஞ்சள் அப்படியே கிடந்தது. அதைப் பார்க்கப் பிடிக்காமல் கிண்ணத்தின் மேல் ஒரு துணியைப் போட்டேன். துணியை எடுத்துப் பார்க்காமல் ஒரு நாளும் தூங்கவில்லை. இது என்ன கோட்டித்தனம் என்று எனக்கே விளங்கவில்லை.

வருஷத்துக்கு ஒரு நாள், மகளுடைய திதியன்று, சாயங்காலம் துணிக்குள் வெளிச்சம் கூடும். சயானில் இறங்குகிற அளவு. பிறகு குழாய்வரை. அங்கேயே கொஞ்ச நேரம் நிற்கும். திரும்பிவிடும். நான் வாசலுக்குப் போய்ப் பார்த்ததில்லை. போயிருந்தால் என்ன சொல்லியிருப்பேன்? ஒரு தடவை அக்காவிடமிருந்து போன் வந்தது. எடுத்தேன். அந்தப் பக்கம் மிக்ஸி ஓடுகிற சத்தம் கேட்டது. “டீ குடிச்சியா?” என்றாள். “குடிச்சேன்” என்றேன். வைத்துவிட்டாள்.

இந்த மழைக்காலத்தில் ஒரு நாள் காலை துணியை எடுத்தபோது ஊசிமுனை கங்காகியிருந்தது. மத்தியானம் அவள் மகன் போன் பண்ணினான். வாஷிக்குப் போனோம். அக்காவை ஹாலில் கிடத்தியிருந்தார்கள். கை இரண்டும் வயிற்றின் மேல் இருந்தன. அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு நான் போட்ட கூப்பாட்டில் அந்த சொசைட்டியே வாசலுக்கு வந்துவிட்டது. என் மகளுக்கு நான் அழாமல் வைத்திருந்ததெல்லாம் அங்கேதான் வந்தது. அவர்கள் வீட்டில் எரிவது எல்லாம் சொசைட்டி வெளிச்சம், பத்துக் கை பிசைந்தது. அக்கா ஒற்றைக் கையால் பிசைந்தது என்று இந்த உலகத்தில் மிச்சம் இருப்பது என் வீட்டுக் கிண்ணம் ஒன்றுதான்.

அவர்கள் பக்கத்தில் கடைசி வரவு கிடையாது. எங்கள் பக்கத்தில் உண்டு. பதினாறாம் நாள் நான் வேலைக்குப் போகவில்லை. யாரையும் கூப்பிடவில்லை. துணியை எடுத்துவிட்டேன். டீ போட்டேன். அக்காவுக்கு இஞ்சி நசுக்கிப் போட்டு ஒன்று. சீனி குறைத்து ஒன்று.

பொழுது சாய்கிற வேளையில் உருண்டை அசைந்தது. சயான். ரோடு. குழாயடி. அங்கே வழக்கம்போல் நின்றது. திரும்பிவிடுவாளோ என்று எழுந்தேன். “வாங்கக்கா, உள்ள வாங்க” என்று வாசலைப் பார்த்துக் கத்தினேன். முடுக்குக்குள் திரும்பினாள். சுவரெல்லாம் சாமந்தி. ஃப்ரிட்ஜ், கட்டில், மகளுடைய படம், என் வீட்டுக்காரரின் நரைத்த தலை எல்லாம் மஞ்சளில் நின்றன. நிலைப்படியில் வெளிச்சம் முழுசாக வந்து நின்றது.

நான் அந்த மஞ்சளுக்குள் தேடினேன். ஓரத்தில், அடியில், எங்கேயாவது ஒரு கீற்றுக் கொய்யா நிறம் ஒட்டிக்கொண்டு வந்திருக்கிறதா என்று கிண்ணத்தைக் கையிலெடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். வெளிச்சம் குறையத் தொடங்கியது.

“அக்கா, தனியாவா வந்திய?” என்று கேட்டேன்.